அம்மையின் செங்கோல் ஏந்திய மன்னர்

நம் காரியாபட்டியிலிருந்து வடக்கு நோக்கிச் செல்லும் பெருவழி மதுரை மாநகரைச் சென்றடைகிறது. சித்திரைத் திங்கள் பிறந்துவிட்டால் அவ்வழியில் மக்கள் வெள்ளம் பெருகும். முன்னாளில் இவ்வட்டாரத்து உழவர் வண்டி கட்டிக்கொண்டு, கட்டுச்சோறும் கூழ்ப்பானையுமாகக் குடும்பத்தோடு புறப்படுவர். இன்று பேருந்திற் செல்கின்றனர். ஊர்தி மாறினும் உள்ளத்து ஆர்வம் மாறவில்லை. மீனாட்சியம்மையின் திருமணத்தையும், கள்ளழகர் வையை ஆற்றில் இறங்கும் காட்சியையும் ஒருசேரக் கண்டு வரும் இப்பேற்றினை நமக்கு ஆக்கித் தந்தவர் ஒரு மன்னர் என மரபு கூறும். அவரே திருமலை நாயக்கர் ஆவர்.

திருமலை நாயக்கரைப் பெரிய மாளிகை கட்டியவர் என்ற அளவிலேயே பலரும் அறிவர். அம்மாளிகையின் தூண்களைக் கட்டிப் பிடித்து அளந்து பார்ப்பதோடு அவரை மறந்து விடுவாரும் உளர். ஆனால் அம்மன்னர் தம்மை யாராகக் கருதினார், மக்கள் அவரை யாராகக் கருதினர் என்று வினவிப் பார்த்தால், தூணினும் பெரிய செய்திகள் வெளிப்படும்.

விசுவநாத நாயக்கர் 16-ஆம் நூற்றாண்டில் விசயநகரப் பேரரசின் சார்பாளராக மதுரைக்கு வந்து நாயக்கர் ஆட்சியை நிறுவினார். அவர் மரபில் தோன்றிய முத்துக் கிருட்டிணப்ப நாயக்கரின் மைந்தருள் ஒருவர் திருமலை நாயக்கர். தைப்பூச நாளில் பிறந்தவர் என்பர். இவருடைய தமையனார் முத்து வீரப்ப நாயக்கர் தலைநகரை மதுரையினின்றும் திருச்சிராப்பள்ளிக்கு மாற்றியிருந்தார். தமையனார் 1623-ஆம் ஆண்டில் இறக்க, திருமலை நாயக்கர் அரசு கட்டில் ஏறினார். அன்றுமுதல் 1659 வரை முப்பத்தாறு ஆண்டுகள் ஆண்டார்.

முடிசூடிய புதிதில் அவரைப் பீனிசம் என்னும் மண்டைச்சளி நோய் பற்றி வருத்திற்று. மருத்துவர் பலர் முயன்றும் நோய் தீரவில்லை. ஒருகால் அவர் திருச்சிராப்பள்ளியினின்றும் மதுரைக்குச் செல்லும் வழியில் திண்டுக்கல்லில் தங்க நேர்ந்தது. அன்றிரவு கனவில் சொக்கநாதரும் மீனாட்சியம்மையும் தோன்றி, மதுரையையே உறைவிடமாகக் கொண்டு திருப்பணியும் திருவிழாவும் இயற்றினால் நோய் நீங்கும் என்று அருளினராம். மன்னர் விழித்தெழுந்து அவ்வாறே செய்வதாக உறுதி பூண்டார். காலையில் பல் துலக்குங்கால் நோய் அவரை விட்டு அகன்றது. அதன்பின் தலைநகர் மதுரைக்கு மாறிற்று. இது வழிவழியாகச் சொல்லப்படும் வரலாறு.

இக்காலத்து ஆராய்ச்சியாளர் இதற்கு வேறு காரணங்களும் கூறுவர். மதுரை பாண்டியரின் பழம்பதி. புதிதாக வந்த தெலுங்கு மரபினர் தமிழ் நாட்டில் வேரூன்ற வேண்டுமாயின், பாண்டியர் வழிபட்ட தெய்வத்தின் நிழலிலேயே அமர வேண்டும். இக்கூற்றிலும் உண்மையுண்டு. ஆயினும், கனவுக் கதையை வெறுங்கதை என்று தள்ளிவிடுதல் எனக்கு உடன்பாடன்று. மன்னன் உடலில் ஒரு நோய் தோன்றினால் அது நாட்டுக்கே உற்ற நோய் என்றும், அவன் நலம் பெற்றால் நாடும் நலம் பெறும் என்றும் மக்கள் மெய்யாகவே நம்பிய காலம் அது. அந்நம்பிக்கையை அறியாதார்க்கு அம்மன்னரின் வாழ்க்கை விளங்காது.

அந்நம்பிக்கை நம் நாட்டில் மிகப் பழைமையானது. சங்க காலத்துப் புலவர்கள், உலகிற்கு உயிர் நெல்லும் அன்று, நீரும் அன்று, மன்னனே என்று கருதினர். அரசன் கோல் கோடினால் மழை பெய்யாது, பசு பால் சுரவாது என்ற எண்ணம் வள்ளுவர் காலத்திலும் நிலவியது. அரசனுடைய முரசம் வெறுந்தோற்கருவி அன்று. அதில் தெய்வம் உறைகிறது என்று கருதி, நீராட்டி, மாலை சூட்டிப் பலியிட்டு வழிபட்டனர். ஒவ்வோர் அரசனுக்கும் ஒரு காவல் மரம் இருந்தது. அதனைக் கடிமரம் என்பர். அம்மரத்தின் கிளையை ஒடிப்பது அரசனையே தாக்குவதற்கு ஒப்பாகும். இமயவரம்பன் நெடுஞ்சேரலாதன் பகைவருடைய கடம்ப மரத்தை வெட்டி அதனால் முரசு செய்தான். பகைவரின் உயிர்நிலையாய் இருந்ததைத் தன் வெற்றியின் குரலாக மாற்றிக்கொண்டான் என்க. நன்னன் என்னும் குறுநில மன்னன், ஆற்றில் மிதந்து வந்த தன் காவல் மரத்துக் காயை உண்டாள் என்பதற்காக ஒரு பெண்ணைக் கொன்றான். அப்பழியைப் புலவர்கள் என்றும் மறக்கவில்லை. அவன் வழியினரையும் பாட மறுத்தனர். மரத்திலும் கல்லிலும் நீரிலும் உயிர்ப்பொருளாய் உறையும் ஆற்றலை நம் முன்னோர் அணங்கு என்ற சொல்லாற் குறித்தனர். அவ்வணங்கைப் பேணிக் காப்பவனே அரசன் ஆவான்.

பிற நாடுகளிலும் இத்தகைய எண்ணம் இருந்தது. எகிப்து நாட்டார் தம் மன்னனைக் கடவுளாகவே வழிபட்டனர். இங்கிலாந்திலும் பிரான்சிலும் மன்னர் கை தொட்டால் கண்டமாலை நோய் தீரும் என்று நம்பி, நோயாளர் அரண்மனை வாயிலில் திரண்டு நின்றனர். அங்கே மன்னன் கை மக்கள் நோயைத் தீர்த்தது. இங்கே மதுரையில் தெய்வம் மன்னன் நோயைத் தீர்த்தது. இவ்வேறுபாடு நினைவிற் கொள்ளத்தக்கது. ஸ்காட்லாந்து நாட்டில் பிறந்த ஜேம்ஸ் பிரேசர் என்னும் அறிஞர், உலகெங்கும் உள்ள இத்தகைய வழக்கங்களைத் திரட்டிப் பொற்கிளை எனப் பொருள்படும் பெயரால் ஒரு பெருநூலை 1890-ஆம் ஆண்டில் வெளியிடத் தொடங்கினார். அவர் தம் நூலகத்தில் இருந்துகொண்டே உலகத்தை அளந்தவர். மதுரைச் சித்திரைத் தெருவில் ஒருநாள் நின்றிருப்பாராயின் அவர் நூல் இன்னும் ஓரிரு பகுதி நீண்டிருக்கும் போலும்.

மதுரை நகரமே ஒரு மரத்தடியிற் பிறந்தது என்பது புராணம். முன்பு கடம்பவனமாய் இருந்த இடத்தில், ஒரு வணிகன் இரவில் கடம்ப மரத்தின் அடியில் இலிங்கத்தைக் கண்டு குலசேகர பாண்டியனிடம் உரைக்க, அவன் காடு திருத்தி நகர் கண்டான் என்பர். அக்கடம்பின் பட்டுப்போன அடிமரத்தைக் கோயிலுள் இன்றும் போற்றி வைத்துள்ளனர். அம்மரபுக்குத் தாம் உரியவர் ஆதல் வேண்டும் என்று திருமலை நாயக்கர் விரும்பினார். அதற்கு அவர் கண்ட வழி வாளன்று, வழிபாடு.

சித்திரைத் திருவிழாவின் எட்டாம் நாள் மீனாட்சியம்மைக்குப் பட்டாபிடேகம் நடைபெறும். அன்று அம்மைக்கு முடி சூட்டி, பாண்டியர்க்குரிய வேப்பம்பூ மாலை அணிவித்து, மணிகள் இழைத்த செங்கோலைத் திருக்கையிற் சார்த்துவர். அன்றுதொட்டு ஆவணி வரையில் நான்கு திங்கள் மதுரையில் அம்மையின் ஆட்சி. ஆவணி மூலத் திருவிழாவில் சுந்தரேசுவரர் முடி சூடியபின் எட்டுத் திங்கள் அவருடைய ஆட்சி. இவ்வாறு ஆண்டு முழுமைக்கும் மதுரைக்கு அரசர் தெய்வமே எனின், அரண்மனையில் இருப்பவர் யார்?

இவ்வினாவிற்குத் திருமலை நாயக்கர் ஆண்டுதோறும் ஊரறிய விடை கூறினார். பட்டாபிடேக நாளில் அவர் கோயிலுக்குச் சென்று அம்மையின் திருமுன் நிற்பார். அருச்சகர் அம்மையின் செங்கோலை எடுத்து மன்னர் கையில் அளிப்பர். மன்னர் அதனைப் பெரிய ஊர்வலமாக அரண்மனைக்குக் கொண்டு செல்வார். அங்கே அரியணையின்மேல் அச்செங்கோல் வைக்கப்படும். அதன்பின் அது கோயிலுக்கே மீண்டு செல்லும். அரியணையில் ஏறியது கோல். அதன் அருகில் பணிந்து நின்றவர் மன்னர். நாட்டை ஆள்பவள் அம்மை, அவள் ஏவலை நிறைவேற்றுபவரே நாயக்கர் என்பதனை ஏடறியாத உழவனும் கண்ணாற் கண்டு உணர்ந்துகொண்டான். திருவிதாங்கூர் மன்னர் மார்த்தாண்ட வர்மர் 1750-ஆம் ஆண்டில் தம் நாட்டைப் பத்மநாப சுவாமிக்கு உரிமையாக்கி, அவருடைய அடியவராக நின்று ஆண்டதும் இவ்வகையினதே. ஆயினும், அது நூறாண்டு பிற்பட்டது.

இவ்வழக்கத்தில் பணிவும் உண்டு. அரசியல் நுட்பமும் உண்டு. தெய்வத்தின் கோலைத் தாங்கியவனை எதிர்ப்பது தெய்வத்தையே எதிர்ப்பதாகும் அன்றோ? எழுபத்திரண்டு பாளையக்காரர்களை ஒரு குடைக்கீழ் அடக்கி வைப்பதற்கு அது பெருந்துணையாயிற்று. மாணவர்கள் இவ்விரண்டில் ஒன்றையே உண்மையெனக் கொண்டு மற்றதனை விட்டுவிடலாகாது. அக்காலத்து மனிதர்க்கு இவை இரண்டல்ல.

இனித் திருவிழாவிற்கு வருவோம். முன்னாளில் மீனாட்சியம்மையின் திருமணம் மாசித் திங்களில் நடைபெற்றது. மாசி வீதிகள் என்ற பெயர் அதற்குச் சான்றாக இன்றும் நிலவுகிறது. அழகர்மலையில் எழுந்தருளியுள்ள கள்ளழகரோ சித்திரைத் திங்களில் சோழவந்தானுக்கு அருகிலுள்ள தேனூருக்குச் சென்று வையை ஆற்றில் இறங்குவார். சைவர்க்கு ஒரு விழா, வைணவர்க்கு ஒரு விழா. இரண்டும் வெவ்வேறு காலம், வெவ்வேறு இடம். திருமலை நாயக்கர் அம்மை திருமணத்தைச் சித்திரைக்கு மாற்றி, அழகரையும் மதுரைக்கு வருமாறு செய்து, இரண்டினையும் இணைத்தார் என்பர். மாசி அறுவடைக் காலமாதலின் பெருந்தேரை இழுப்பதற்கு ஆள் போதாமையும் ஒரு காரணம் என்று கூறுவாருமுளர். வண்டியூரில் அழகர் தங்கும் மண்டபத்திற்குத் தேனூர் மண்டபம் என்னும் பெயர் வழங்குவது, பழைய ஊரின் உரிமையை மன்னர் அடியோடு அழித்துவிடவில்லை என்பதைக் காட்டும்.

இரண்டு விழாக்கள் இணைந்த பின்னர் மக்கள் தாமாகவே ஒரு கதையைப் புனைந்துகொண்டனர். தங்கை மீனாட்சியின் திருமணத்திற்குப் புறப்பட்ட அழகர் காலந்தாழ்த்து வந்தாராம். ஆற்றங்கரையை அடையுமுன் திருமணம் முடிந்துவிட்டதாம். சினங்கொண்டு நகருக்குள் நுழையாமலே வண்டியூருக்குச் சென்றுவிட்டாராம். நூல்களில் இக்கதை இல்லை. நூல்களில் உள்ளது தவளை உருவம் பெற்ற மண்டூக முனிவர்க்கு அழகர் சாப நீக்கம் அளித்த வரலாறே. ஆயினும் வண்டி கட்டி வந்த உழவர்க்கு முனிவரைக் காட்டிலும் அண்ணன் தங்கை உறவே நெருக்கமாயிற்று.

அழகர் விழாவில் நம் மாவட்டத்திற்கும் ஒரு பங்குண்டு. ஆற்றில் இறங்கும் அழகர், திருவில்லிபுத்தூரில் ஆண்டாள் சூடிக் களைந்த மாலையை அணிந்தே இறங்குவார். அம்மாலை ஆண்டுதோறும் திருவில்லிபுத்தூரிலிருந்து மதுரைக்குக் கொண்டு செல்லப்படுகிறது. அழகர் எந்நிறப் பட்டு உடுத்தி வருகிறார் என்பதனைக் காணவே இலட்சக்கணக்கானோர் விடியுமுன் கரையில் காத்து நிற்பர். பெட்டிக்குள் கையிட்டு அருச்சகர் எடுக்கும் பட்டே அவ்வாண்டின் குறி. பச்சைப் பட்டானால் மழையும் விளைவும் பெருகும் என்பர். சிவப்பானால் உழவர் முகம் வாடும். தோற்பைகளில் நீர் நிரப்பி அழகர்மீது பீய்ச்சி அடிப்போரும் உளர். நீரை வேண்டுவோர் தெய்வத்தை நீரால் நனைத்தல் உலகின் பல நாடுகளிலும் காணப்படும் மழைச் சடங்கு ஆகும். இதனை மந்திரம் என்பதா, வழிபாடு என்பதா? அறிஞர்கள் இரண்டிற்கும் இடையே கோடு கிழிக்க முயல்வர். வையைக் கரையில் அக்கோடு நனைந்து அழிந்துவிடுகிறது.

மந்திரம் என்றவுடன் அழகர்மலையின் வாயிற் காவலரான பதினெட்டாம்படிக் கருப்பரை நினையாதிருத்தல் இயலாது. மலையாள நாட்டு மந்திரவாதிகள் பதினெண்மர், அழகரின் தெய்வ ஆற்றலைக் கவர்ந்து செல்ல வந்தனராம். அவர்கள் சூழ்ச்சி வெளிப்படவே, பதினெண்மரும் கொல்லப்பட்டுப் பதினெட்டுப் படிகளின் கீழ்ப் புதைக்கப்பட்டனராம். அவர்களோடு வந்த காவல் தெய்வமாகிய கருப்பர் அழகரின் அழகில் ஈடுபட்டு அங்கேயே தங்கி, அவருக்கே காவலரானார் என்பது கதை. கருப்பருக்கு உருவம் இல்லை. மூடிய கதவிற்கே சந்தனம் சார்த்தி வழிபடுவர். பொய் சொல்வார் அக்கதவின் முன் ஆணையிட அஞ்சுவர். இத்தகைய தெய்வங்களையும் பெருங்கோயில் தெய்வங்களையும் ஒரே விழாவில் நடமாட விட்ட பெருமை இச்சித்திரைத் திருவிழாவுக்கு உண்டு.

திருமலை நாயக்கரின் பத்திமை மதுரையோடு நிற்கவில்லை. திருவில்லிபுத்தூரிலும் அவர் ஓர் அரண்மனை எழுப்பினார். ஆண்டாள் கோயிலில் உச்சிக்கால வழிபாடு முடிந்தது என்று அறிந்த பின்னரே அவர் மதுரையில் உணவு கொள்வார் என்றும், அதனை அறிவிக்க வழிநெடுக மண்டபங்கள் கட்டி மணிகள் தொங்கவிட்டு ஒன்றன்பின் ஒன்றாக ஒலிக்கச் செய்தார் என்றும் நம் பக்கத்தில் கூறுவர். இதே கதையை வீரபாண்டியக் கட்டபொம்மனுக்கும் திருச்செந்தூருக்கும் ஏற்றிக் கூறுதலும் உண்டு. எது முந்தியது என்று நான் வழக்காட வரவில்லை. தெய்வம் உண்ட பின்னரே மன்னன் உண்ண வேண்டும் என்று மக்கள் எதிர்பார்த்தனர் என்பது இரண்டிலும் தெளிவு.

அவர் எடுப்பித்த பணிகள் பல. சுந்தரேசுவரர் கோயிலுக்கு எதிரே இளவேனில் விழாவிற்கென்று கட்டிய புதுமண்டபத்தில், விசுவநாதர் முதலாகத் தம் ஈறாக நாயக்க மன்னர் பதின்மரையும் தூணிற் சிலையாக நிறுத்தினார். அவர்கள் அனைவரும் கைகூப்பி நிற்கின்றனர். அரியணையில் அமர்ந்தவராக ஒருவரும் இல்லை. அம்மண்டபத்தின் கிழக்கே இராய கோபுரம் அடிப்பகுதியளவில் நின்றுவிட்டது. அதன் ஒற்றைக்கல் நிலைகளைக் கண்டால், முடிந்திருந்தால் அது எவ்வளவு உயர்ந்திருக்கும் என்று நெஞ்சம் வியக்கும். 1636-ஆம் ஆண்டில் எழுந்த அரண்மனை, செங்கல்லாலும் சுண்ணச் சாந்தாலும் ஆகியது. அதில் இன்று எஞ்சியிருப்பது ஏறத்தாழ நான்கில் ஒரு பங்கே. ஏனையவற்றுள் பெரும்பகுதியை அவர் பெயரர் சொக்கநாத நாயக்கர் பெயர்த்தெடுத்துத் திருச்சிராப்பள்ளிக்குக் கொண்டு சென்றார் என்பர். பாட்டனார் பெரும்பொருள் செலவிட்டுக் கட்டியதைப் பெயரரே பிரித்தது எண்ணுதற்குரியது. எஞ்சியதனை நேப்பியர் பிரபு சென்னை ஆளுநராயிருந்த காலத்தில் செப்பனிட்டார்.

வண்டியூர்த் தெப்பக்குளத்தைப் பற்றியும் ஒரு கதை உண்டு. அரண்மனைக்குச் செங்கல் அறுப்பதற்கு மண் தோண்டிய பள்ளத்தில் பெரிய பிள்ளையார் திருவுருவம் ஒன்று வெளிப்பட்டது. அதுவே மீனாட்சியம்மன் கோயிலில் உள்ள முக்குறுணிப் பிள்ளையார். தெய்வம் வெளிப்பட்ட பள்ளத்தை வெறும் பள்ளமாய் விடுதல் தகாது என்று கருதி, மன்னர் அதனை ஆயிரம் அடி அளவினதாகப் பெருக்கி, நாற்புறமும் கருங்கற்படி அமைத்து, நடுவில் மைய மண்டபம் கட்டித் திருக்குளமாக்கினார். தைத் திங்களில் அம்மையும் சுவாமியும் அங்கே தெப்பத்தில் உலா வருவர். தாம் பிறந்த பூச நாளைத் தெய்வத்தின் விழா நாளாக்கிக்கொண்ட மன்னர், அந்நாளில் தமக்கென்று விழா எடுத்தாரல்லர்.

தமிழ் மாணவர்கள் போற்றத்தக்க நிகழ்ச்சி ஒன்றனை இங்கே சற்று விரித்துக் கூறுவேன். திருவைகுண்டத்தில் பிறந்து, ஐந்து வயது வரை ஊமையாயிருந்து, திருச்செந்தூர் முருகன் அருளால் வாய் திறந்து பாடியவர் குமரகுருபர அடிகள். அவர் மதுரைக்கு வந்து மீனாட்சியம்மை பிள்ளைத்தமிழ் இயற்றினார். அம்மன்னரின் அவையில் அது அரங்கேறியது. மன்னர் ஆசனத்தில் அமர்ந்து கேட்டுக்கொண்டிருந்தார். அப்போது அருச்சகர் மகள் வடிவில் ஒரு சிறுமி ஓடிவந்து அவர் மடியில் அமர்ந்தாள். அடிகள் முத்தப் பருவத்துப் பாடல் ஒன்றனுக்குப் பொருள் விரித்தபொழுது, அச்சிறுமி மன்னர் கழுத்திலிருந்த முத்துமாலையைக் கழற்றிப் புலவர் கழுத்தில் அணிந்துவிட்டு மறைந்தாள். வந்தவள் அம்மையே என்று அவையினர் உணர்ந்து மெய்சிலிர்த்தனர்.

இக்கதையைச் சிறுவயதில் என் ஆசிரியர் கூறக் கேட்டபொழுது புலவருக்குக் கிடைத்த சிறப்பை எண்ணியே மகிழ்ந்தேன். ஆண்டு பல கழிந்து மாணவர்க்கு நானே இதனைக் கற்பித்தபோதுதான் மன்னரின் நிலை கண்ணிற் பட்டது. தெய்வம் வந்தமர்ந்தது மன்னர் மடியில்; பரிசாகச் சென்றது மன்னர் மாலை; கொடுத்தவரோ மன்னர் அல்லர். செங்கோலுக்கு நேர்ந்ததே முத்துமாலைக்கும் நேர்ந்தது. தம்மிடம் உள்ளது எதுவும் தம்முடையதன்று என்று அவர் கற்றுக்கொள்ள வேண்டியிருந்தது.

அப்பாடத்தை அவர் முற்றும் கற்றார் என்று சொல்வதற்கில்லை. அவருடைய அரசியற் செயல்கள் சிலவற்றை மறைத்துவிட்டுப் புகழுரை மட்டும் கூறுதல் நேர்மையன்று. விசயநகரப் பேரரசு நலிந்திருந்த காலத்தில் மூன்றாம் சீரங்கராயர் அதனை மீண்டும் நிலைநிறுத்த முயன்றார். பேரரசர்க்குத் திறை செலுத்த விரும்பாத திருமலை நாயக்கர், கோல்கொண்டாப் படையை அவர்மீது ஏவிவிடும் சூழ்ச்சியில் ஈடுபட்டார். பேரரசு வீழ்ந்தது. ஆனால் அழைக்கப்பட்ட படை அதனோடு நிற்கவில்லை. தெற்கு நோக்கிச் செஞ்சிக்கும் வந்தது. அதனைத் தடுக்கப் பிசப்பூர்ச் சுல்தானை நாட, முடிவில் அச்சுல்தானுக்கே திறை செலுத்த நேர்ந்தது. தம் தலைவர்க்கு மறுத்த திறையை அயலார்க்குக் கொடுத்தார். படைகள் மிதித்த வயல்களையும் பாழ்பட்ட ஊர்களையும், மதுரை நாட்டிலிருந்த கிறித்தவத் துறவியர் தம் கடிதங்களில் எழுதி வைத்துள்ளனர். தெய்வத்தின் கோல் கையிலிருந்த காலத்தில்தான் இத்துன்பங்களும் நேர்ந்தன. கோவில் விழாவுக்கும் மாளிகைக்கும் செலவான பொன் உழவரின் வரியே என்பதனையும் மறத்தல் கூடாது.

ஆட்சியின் இறுதியில் ஒரு கொடிய போர் மூண்டது. 1656-ஆம் ஆண்டில் மைசூர் மன்னர் கண்டீரவ நரசராசர் அனுப்பிய படை மதுரை நாட்டிற் புகுந்தது. அப்படையினர் எதிர்ப்பட்டாருடைய மூக்கை மேலுதட்டோடு அறுத்து மூட்டை மூட்டையாகத் தம் மன்னருக்கு அனுப்பினர். மூக்கறு போர் என்று மக்கள் அதனை இன்றும் நடுங்கிப் பேசுவர். முதிர்ந்த வயதில் நோயுற்றுக் கிடந்த திருமலை நாயக்கர், இராமநாதபுரத்து இரகுநாத சேதுபதியிடம் உதவி வேண்டினார். சேதுபதி விரைந்து படை திரட்டி வந்து மைசூர்ப் படையை முறியடித்தார். பின்னர், நாயக்கரின் தம்பியார் குமார முத்து தலைமையில் மைசூர் நாட்டிற் புகுந்த மதுரைப் படையினரும் அங்குள்ளாரின் மூக்குகளை அறுத்தனர். பழிக்குப் பழி என்று அதனைப் பெருமையாகப் பாடினாரும் உண்டு. எனக்கு அதில் பெருமை தோன்றவில்லை.

வயலில் நின்றவனுடைய மூக்கை அறுப்பதால் போரில் வெற்றி கிட்டாது. பின் ஏன் அறுத்தனர்? உறுப்புக் குறையுடையவன் அரசாளத் தகான் என்பது பழைய விதி. பார்வையிழந்த திருதராட்டிரன் மூத்தவனாயினும் அரசு தம்பிக்குச் சென்றதை மாணவர்கள் பாரதத்திற் படித்திருப்பர். குடிகளின் முகத்தைக் குறைப்படுத்துதல் அவர்கள் மன்னனையே குறைப்படுத்துதல் ஆகும். மன்னனின் உடலும் நாடும் ஒன்று என்ற எண்ணம் மதுரைக்குக் கோயில் தந்தது. அவ்வெண்ணமே மூட்டை மூட்டையாக மூக்குகளையும் தந்தது.

சேதுபதிக்கு நன்றி பாராட்டிய திருமலை நாயக்கர், தம் பெயரையே அவருக்கு வழங்கித் திருமலை சேதுபதி என்று விளங்கச் செய்தார், திறையையும் நீக்கினார். அதனினும் பெரிய பரிசு ஒன்றும் உண்டு. இராசராசேசுவரி அம்மையின் பொன்னுருவத்தை அளித்து, மதுரையிற் போலவே இராமநாதபுரத்திலும் நவராத்திரி விழாவை அரச முறைப்படி நடத்திக்கொள்ள உரிமை தந்தார் என்பது அந்நாட்டு மரபு. நிலத்தைப் பகிர்ந்து கொடுப்பதைவிடத் தெய்வத்தைப் பகிர்ந்து கொடுப்பதே ஆட்சியைப் பகிர்வதாக அக்காலத்தில் கருதப்பட்டது. நவராத்திரியை முன்னின்று நடத்துபவன் எவனோ அவனே அரசன்.

போர் முடிந்த சின்னாளில், 1659-ஆம் ஆண்டில் திருமலை நாயக்கர் உயிர் துறந்தார். அவர் இறந்த வகை பற்றி நாட்டில் இருவேறு கதைகள் எழுந்தன. அவர் வேற்றுச் சமயத்தாரிடம் பரிவு காட்டியமையால் அருச்சகர் சிலர் அஞ்சி, புதையல் இருப்பதாகக் கூறி அவரைக் கோயிலின் நிலவறைக்குள் அழைத்துச் சென்று கல்லால் மூடிவிட்டனர் என்பது ஒன்று. மீனாட்சியம்மையே அவரைத் தன்னிடம் அழைத்துக்கொண்டாள், அவர் உடலோடு மறைந்தார் என்று ஊரில் பரப்பினர் என்பது மற்றொன்று. இவற்றுக்கு வரலாற்றுச் சான்று இல்லை. எழுபதைக் கடந்த முதியவர் நோயால் இறந்தார் என்பதே பொருந்தும். ஆனால் முப்பத்தாறு ஆண்டுகள் அம்மையின் கோலைத் தாங்கியவர் மற்றவர் போலப் படுக்கையிற் கிடந்து இறந்தார் என்பதனை ஏற்க ஊரார்க்கு மனம் வரவில்லை போலும். அவரைத் தெய்வம் எடுத்துக்கொள்ள வேண்டும். அன்றேல் தெய்வத்தின் பெயரால் எவரேனும் கொன்றிருக்க வேண்டும்.

அவருக்குப்பின் மைந்தர் முத்து வீரப்பர் சில திங்களே ஆண்டார். அடுத்து வந்த சொக்கநாதர் தலைநகரைத் திருச்சிராப்பள்ளிக்கே மீண்டும் மாற்றினார். 1736-இல் நாயக்கர் ஆட்சி முடிந்தது. பின்னர் நவாபு வந்தார், கும்பினியார் வந்தனர், அவர்களும் சென்றனர். அரண்மனையில் அரியணை இல்லை. வெளியூர்ப் பிள்ளைகள் சீட்டு வாங்கிக்கொண்டு தூண்களின் இடையே ஓடி விளையாடுகின்றனர்.

கோயிலில் மட்டும் அவ்வழக்கம் நிற்கவில்லை. சித்திரைத் திருவிழாவின் எட்டாம் நாள் மாலையில் இன்றும் அம்மைக்கு முடி சூட்டுகின்றனர். செங்கோலை வாங்கிக்கொள்ள மன்னர் இல்லாமையால், கோயிலின் அறங்காவலர் தலைவரோ தக்காரோ பட்டு சுற்றிய தலைப்பாகையோடு நின்று அதனைக் கைநீட்டிப் பெறுகிறார். திருச்சுற்றில் வலம் வந்து, மீண்டும் அம்மையிடமே சேர்ப்பித்துவிடுகிறார்.